ஒரு ரயில் வைத்த பெயர்

அவளுக்குப் பெயர் வைத்தது ஒரு ரயில்.

ஆயிரம் பயணிகளும் டிக்கெட் பரிசோதகரும் என்ஜின் டிரைவரும் ஒரே மூச்சில் கத்தி வைத்த பெயர். அந்தச் சத்தத்தில் வழியிலிருந்த பாலமெல்லாம் ஆடிப்போயின. அடுத்த ஸ்டேஷன் கடிகாரம் பயந்து நின்றது, இன்றுவரை ஓடவில்லை.

இது அப்பா சொல்வது.

"பொய். அந்தப் பேச்சை விடுங்க." இது அம்மா சொல்வது.

இதைத்தான் அவள் இப்போது, மண்டை திறந்து கிடக்க, மயக்க டாக்டரம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

மயக்க டாக்டர் என்று பேர்தான். இன்றைக்கு அந்த அம்மாளின் வேலை, அவளை மயங்கவிடாமல் பேசவைப்பது.

மூளையில் கட்டி முளைத்திருந்தது, பேச்சு குடியிருக்கும் இடத்துக்குப் பக்கத்து வீட்டில். பெரிய டாக்டர் மின்சாரக் குச்சியால் ஒவ்வொரு இடமாகத் தொடுவார். தொட்டதும் பேச்சு நின்றால் அங்கே கத்தி வைக்கக்கூடாது. தொட்ட பிறகும் பேசிக்கொண்டிருந்தால் வெட்டலாம்.

மூளைக்கு வலி தெரியாது என்று சொல்லித்தான் படுக்கவைத்தார்கள். பயம் தெரியும் என்று ஒருவரும் சொல்லவில்லை.

தலையை இரும்புப் பிடியில் முடுக்கியிருந்தார்கள். நீலத் துணிக்கு அடியில் அவளுக்குத் தெரிந்த உலகம், டாக்டரம்மாவின் இரண்டு கண்ணும் முகமூடியும்தான். நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது.

அவள் பேருந்து நிலையத்தில் அறிவிப்பாளர். எந்த வண்டி எங்கே நிற்கிறது என்று அவள் சொன்னால்தான் பாதி ஊர் வீடு போய்ச் சேரும். அந்தக் குரலை நம்பித்தான் அவள் வீட்டு அடுப்பும் எரிகிறது.

"நிறுத்தாதீங்கம்மா, பேசிட்டே இருங்க. சரி, ரயில் வச்ச பேருக்கு அர்த்தம் என்னவாம்?"

இந்த ஒரு கேள்விக்கு அவள் மூன்று ஆபரேஷனுக்குத் தாங்குகிற மாதிரி பேசுவாள்.

பள்ளிக்கூடத்தில் கேட்டபோது, கடலில் வழி தவறிய கப்பலுக்குக் கரை காட்டும் விளக்கு என்றார் அப்பா. பக்கத்து வீட்டுக்காரர் கேட்டபோது, ஏழு தீவை ஆண்ட ராணியின் பெயர். பெண் பார்க்க வந்தவர்கள் கேட்டபோது பொறுமை என்றார். கல்யாணமான ஒரே வாரத்தில் அந்தப் புளுகு வெளுத்துப்போனது.

எந்த மொழிப் பெயர் என்று கேட்டாலும் அப்பா திணறமாட்டார். கேட்டவருக்குத் தெரியாத மொழியாகப் பார்த்துச் சொல்வார்.

டாக்டரம்மாவின் கண்கள் சிரித்தன. துணிக்கு அந்தப் பக்கம் பெரிய டாக்டர்கூடக் கனைத்தார்.

"அப்ப எனக்கு எந்த அர்த்தத்தைச் சொல்வாரு?"

சொல்ல வாயைத் திறந்தாள்.

வரவில்லை.

வாய் இருந்தது. நாக்கு இருந்தது. நினைப்பும் பளிச்சென்று இருந்தது. வார்த்தையை மட்டும் காணோம்.

"அம்மா? உங்க பேரைச் சொல்லுங்க."

விளக்கு நின்றது. ராணி நின்றாள். ஏழு தீவும் நின்றன. அர்த்தமெல்லாம் வட்டம் கட்டி நிற்க, நடுவில் பெயர் இருந்த இடம் பல் விழுந்த குழி மாதிரி வெறுமையாகக் கிடந்தது.

இனி இப்படித்தானா? மைக் முன்னால் உட்கார்ந்து, மீன் மாதிரி வாயைத் திறந்து திறந்து மூடவேண்டியதுதானா? அப்பா வந்து கூப்பிட்டால் திரும்பத் தெரியுமா?

கையைத் தூக்கப் பார்த்தாள். கட்டியிருந்தார்கள்.

"அங்க வேண்டாம் டாக்டர்! பேச்சு நின்னுடுச்சு."

குச்சி விலகியது.

பெயர் திரும்பி வந்தது. வந்ததை விடுவாளா? கத்தினாள். கத்திய கத்தில் நர்சின் கையிலிருந்த தட்டு குதித்தது. பக்கத்து அறையில் முழு மயக்கத்தில் கிடந்தவர் "ஆமா" என்றார்.

அதற்குப் பிறகு கட்டி வெளியே வரும்வரை அவள் வாய் மூடவில்லை. கண்ணீரும்தான் நிற்கவில்லை.

சாயங்காலம், தலைக்கட்டோடு கட்டிலில் கிடந்தாள். அப்பா வராந்தாவில் காவல்காரரைப் பிடித்துவைத்து, தன் மகள் தன் ஆபரேஷனைத் தானே செய்துகொண்ட கதையை அளந்துகொண்டிருந்தார்.

அம்மா பக்கத்தில் உட்கார்ந்து அவள் விரல்களை ஒவ்வொன்றாக நீவினாள்.

"அம்மா, கொஞ்ச நேரம் என் பேரே எனக்கு வரலம்மா. வாயைத் திறக்கிறேன், சத்தமே இல்ல. பயந்தே போயிட்டேன்."

நீவிய கை நின்றது.

"பொறந்தப்பவும் அப்படித்தாண்டி இருந்த," என்றாள் அம்மா.

மறுபடி விரல்களை நீவிக்கொண்டே சொன்னாள்.

"ஆயிரம் பேர் இல்ல. ஒரு பெட்டி. ரயில்லயே பொறந்துட்ட. சத்தமே இல்ல, உடம்பெல்லாம் நீலம். தட்டினாங்க, தேய்ச்சாங்க. ஆளாளுக்குத் தெரிஞ்ச பேரையெல்லாம் சொல்லிக் கூப்பிட்டாங்க. நீ அசையல."

அம்மா வராந்தாப் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுத் தொடர்ந்தாள்.

"கதவுகிட்ட யாரோ ஒருத்தி. நமக்குப் புரியாத பாஷை. உன்னைப் பாத்து ஒரு வார்த்தை கத்தினா. நீ அழுத. நிறுத்திடப் போறியேன்னு பெட்டியே சேர்ந்து அதையே கத்துச்சு. அப்புறம் அந்தப் பொம்பளையைத் தேடினோம், எந்த ஸ்டேஷன்ல இறங்கிப் போனாளோ. அது பேரா, வசவா, 'கண்ணைத் திற'ன்னு சொன்னாளா, யாருக்குத் தெரியும்?"

"இத்தனை வருஷமா பொய்னு சொன்னியே?"

"உங்கப்பா அதைச் சிரிச்சுக்கிட்டே சொல்வாரு. எனக்கு அந்த நீலம்தான் ஞாபகம் வரும்."

அம்மா முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"பாலம் ஆடுச்சா, கடிகாரம் நின்னுச்சா, அதெல்லாம் எனக்குத் தெரியாது. ஆனா கத்தினாங்க. எல்லாருந்தான் கத்தினாங்க. நானும் கத்தினேன்."