ரிங்குக்கு வலப்பக்கம்

மணி இரண்டரை. கூடைப்பந்து ஆட்டம் ஆறு மணிக்கு.

உள்ளரங்கில் பாதி விளக்குகள்தான் எரிந்தன. காலரியில் ஒருவரும் இல்லை. அவள் விரும்பியதும் அதுதான்.

கோட்டுக்கு வெளியே உட்கார்ந்து இடது முழங்காலில் டேப்பைச் சுற்றினாள். இந்தக் கால் ஒன்றேகால் வருடமாக அவளைப் படாத பாடு படுத்தியது. படிக்கட்டில் இறங்கவிடவில்லை, குப்புறப் படுக்கவிடவில்லை. ஒரு நாள் குளியலறையில் உட்கார்ந்து அழவும் வைத்தது. ஆனாலும் திரும்பி வந்துவிட்டது. அதற்காகவே அதன்மேல் அவளுக்குக் கொள்ளைப் பிரியம்.

நான்கு மணிக்குக் கோச் பெயர்ப் பட்டியலைக் கொடுத்தாக வேண்டும். அதற்குள் அவள் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். ஆடுகிறேன், அல்லது இல்லை.

பயிற்சி மைதானத்தில் எல்லாம் சரியாகத்தான் இருந்தது. ஓடினாள், எம்பினாள், பந்தைப் போட்டாள். லேசில் எதையும் பாராட்டாத பிசியோவே கைதட்டினார்.

ஆனால் அது வேறு தரை.

கால் போன இடம் இங்கே இருக்கிறது. ரிங்குக்கு வலப்பக்கம், இரண்டடி தள்ளி. அங்கே இடது காலை ஊன்றி எம்ப முடிந்தால் ஆடுவாள். பயம் வந்தால் ஆட மாட்டாள். யாரும் பார்க்காதபோது அதைத் தெரிந்துகொள்ளத்தான் இவ்வளவு சீக்கிரம் வந்திருந்தாள்.

ஷூ கயிற்றை இறுக்கிவிட்டு நிமிர்ந்தாள்.

அந்த இடத்தில் ஒருவர் மாப் போட்டுக்கொண்டிருந்தார்.

ஏகாம்பரம்.



கால் போன அன்றும் அவர்தான் மாப்போடு ரிங்குக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார். யாராவது விழுந்தால் ஓடிவந்து வியர்வையைத் துடைப்பது அவர் வேலை. அவள் விழுந்தாள். முதுகு பட்ட இடம் ஈரமானது. பந்து வெளியே போயிருந்தது, உள்ளே போடும் வாய்ப்பு அவள் அணிக்கு. அவர் கோட்டைத் தாண்டி ஓடி வந்தார்.

அவள் கையை நீட்டித் தடுத்தாள்.

எதிரணி சுதாரிப்பதற்குள் பந்தை வாங்கிவிட வேண்டும். அவ்வளவுதான் அப்போது புத்தியில் இருந்தது. அவர் திரும்பிப் போனார். பத்து நொடிகூட ஆகியிருக்காது, தன் வியர்வையிலேயே வழுக்கினாள். முழங்காலுக்குள் ஏதோ அறுந்த சத்தம் அவளுக்கே கேட்டது.

தரையைத் துடைக்கவில்லை என்று அறிக்கையில் எழுதினார்கள். ஏகாம்பரத்தைக் கூப்பிட்டு விசாரித்ததற்கு, கவனிக்காமல் விட்டுவிட்டேன் என்றாராம். மறுநாளே கோர்ட்டிலிருந்து எடுத்து, காலரிக் கழிப்பறைகளைக் கழுவப் போட்டுவிட்டார்கள். கூட ஆடும் நிஷாந்தி மருத்துவமனைக்குப் பார்க்க வந்தபோது இதைச் சொன்னாள்.

உண்மையைச் சொல்லிவிடலாம் என்று அவளும் நினைத்தாள். நினைத்ததோடு சரி.

கோச் ஏற்கெனவே அவளுக்கு அவசரக்குடுக்கை என்று பெயர் வைத்திருந்தார். இதுவும் தெரிந்தால் அணிக்குள் திரும்ப விடுவாரா என்று பயந்தாள். வாரங்கள் போயின. பிறகு மாதங்கள்.

இப்போது ஏகாம்பரமே அருகில் வந்தார். ஆள் போதவில்லை என்று மூன்று நாளைக்கு முன்புதான் மறுபடி கோர்ட்டுக்கு விட்டிருக்கிறார்களாம். கால் எப்படி இருக்கிறது என்று கேட்டார். இன்றைக்குப் பட்டியலில் பெயர் வருமா என்று கேட்டார். அந்த நாளைப் பற்றி மட்டும் ஒன்றும் கேட்கவில்லை.

அவளால் தாங்க முடியவில்லை.

“அன்னிக்கு நான்தானே வேணாம்னேன். ஏண்ணா சொல்லல?”

மாப்பின் நூலில் சிக்கியிருந்த முடி ஒன்றை எடுத்துக்கொண்டே அவர் சொன்னார்.

“வலில துடிச்சிட்டிருக்கிற பொண்ணு மேல போயி என்னன்னு பழி சொல்றது பாப்பா?”

அவ்வளவுதான். திரும்பிப் போய் அதே இடத்தை இன்னொரு முறை துடைத்தார். வெறுங்காலால் அழுத்தித் தேய்த்துப் பார்த்தார். திருப்தியாக இருந்தது போல. கோட்டுக்கு வெளியே போய் நின்றுகொண்டார்.

தேங்க்ஸ் என்று சொன்னால் தனக்கே அசிங்கமாக இருக்கும் என்று அவளுக்குத் தோன்றியது.

குனிந்து தரையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். உள்ளங்கையை நக்கி ஈரப்படுத்தி, ஷூவின் அடியைத் துடைத்தாள். பள்ளிக்கூட நாளிலிருந்து வரும் பழக்கம். எத்தனை பேர் முகம் சுளித்தாலும் விட்டதில்லை.

பந்தைத் தட்டிக்கொண்டு ஓடினாள்.

இடது கால் அந்த இடத்தில் ஊன்றியது.

நின்றது.

பந்து வலைக்குள் இறங்கிய சத்தம் காலி அரங்கில் பெரிதாகக் கேட்டது. மறுபடி ஓடினாள். மறுபடி. இருபது முறையாவது இருக்கும். பயம் எத்தனையாவது முறையில் போனது என்று அவள் கவனிக்கவில்லை. சிரித்துக்கொண்டிருந்தாள். குழந்தையைத் தட்டிக்கொடுப்பதுபோல முட்டியைத் தட்டிக்கொடுத்தாள்.

கடைசியில் மூச்சு வாங்கி, அங்கேயே மல்லாந்து படுத்துவிட்டாள்.

எழுந்தபோது முதுகின் அச்சு தரையில் ஈரமாகக் கிடந்தது.

கோட்டுக்கு வெளியே ஏகாம்பரம் மாப்போடு நின்றார். உள்ளே வரவில்லை. அவள் கையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

அவள் கையை உயர்த்தினாள்.

“வாங்கண்ணா.”

அவர் வந்தார். துடைத்து முடிக்கும்வரை அவள் பக்கத்திலேயே நின்றாள்.

மணி மூன்றரை. வாசலில் கோச்சின் குரல் கேட்டது.

அவரிடம் சொல்ல அவளுக்கு இப்போது இரண்டு விஷயங்கள் இருந்தன. ஆடுகிறேன் என்பதை இரண்டாவதாகச் சொல்வதென்று முடிவு செய்து, அவசரமில்லாமல் வாசலுக்கு நடந்தாள்.