ஒரு நூலும் படக்கூடாத தண்ணீர்

“உடுப்பில்லாமல் குளிக்கிறதோ? அதுவும் சம்பந்தியோட? உன்ர மாமியாருக்கு மண்டைகிண்டை சுகமில்லையோ, சஞ்சீவ்?”

மெல்பேர்னுக்கு வெளியே, ஜப்பானிய முறைப்படி நடக்கிற ஒரு வெந்நீர் ஊற்றுக் குளியல் விடுதி. அதன் வாசலில் நின்று சிவனேஸ்வரி பல்லைக் கடித்துக்கொண்டு மகனிடம் கேட்டார்.

“இற்ஸ் தெயர் கல்ச்சர், அம்மா. பொம்பிளையள் பக்கம் தனி.”

“நான் நீச்சல் உடுப்புக் கொண்டு வந்தனான்.”

“அதுவும் கூடாதாம்.”

சஞ்சீவ் கட்டப்போகிற மிசாகியின் தாய் நொரிகோ, ஜப்பானிலிருந்து வந்து மூன்று நாள்தான். அங்கே நான்கு தலைமுறையாக ஊற்று விடுதி நடத்துகிற குடும்பம். கலியாணத்துக்கு முன் இரண்டு தாய்மாரும் ஒரே தண்ணீரில் இறங்க வேண்டும் என்று மனுசி ஒற்றைக்காலில் நின்றார். உடுப்பைக் கழற்றினால் பெரியவர் சின்னவர் என்ற பேதம் போய்விடுமாம்.

வெறும் வெட்கம் என்றால் சிவனேஸ்வரி எப்படியாவது சமாளித்திருப்பார். நான்கு வருடத்துக்கு முன் புற்றுநோய் வந்து அவருடைய இடது மார்பை எடுத்துவிட்டார்கள். புருசனையும் மகனையும் தவிர ஈ காக்கைக்குத் தெரியாது. அந்த நேரம் அவர் சிங்கப்பூருக்கு ஹொலிடே போனதாகத்தான் அவர்கள் இருக்கிற கிரெய்கிபர்ன் ஊர்ச் சனம் இன்றைக்கும் நினைத்துக்கொண்டிருக்கிறது. ‘ஐயோ பாவம்’ என்று ஒருத்தர் சொல்லிவிட்டால் அவருக்கு உயிர் போய்விடும். அப்படிப்பட்ட ரோசக்காரி அந்தத் தழும்போடு புதுச் சம்பந்தி முன்னால் நிற்கிறதா? மாட்டேன் என்றால், கலியாணத்துக்கு முதலே மனக்கசப்பு.

“வேணுமெண்டா நான் மாமியிட்ட விசயத்தை…”

“வாயைத் திறந்தாய் எண்டால் உன்ர கலியாணத்துக்கே வரமாட்டன்.”

நொரிகோவோடு உள்ளே போகிற வழியில் சுவரில் தண்ணீரின் பரிசோதனை அறிக்கை தொங்கியது. இருபத்திரண்டு வருடம் தண்ணீர்ப் பரிசோதனைக்கூடத்தில் வேலை செய்தவர் சிவனேஸ்வரி. கால் தானாக நின்றுவிட்டது.

“பைகார்பனேட் உப்பின்ர அளவு நல்லாக் கூட. காரத்தன்மையும் கூட. தோல் வழுக்கும்,” என்றார் ஆங்கிலத்தில்.

நொரிகோவின் முகம் மலர்ந்தது. வெளிநாட்டு விருந்தாளிகளோடு பேசிப் பேசிப் பழகிய ஆங்கிலம் அவருக்கும் இருந்தது.

“ஆமாம், அழகியின் தண்ணீர் என்போம். ஊற்றில் இருபத்தைந்து டிகிரியாவது சூடு வேண்டும். இல்லையென்றால் சட்டம் சொல்கிற பத்தொன்பது பொருள்களில் ஒன்றாவது போதிய அளவு கரைந்திருக்க வேண்டும். அப்போதுதான் எங்கள் நாட்டில் வெந்நீர் ஊற்று என்று பெயர் வைக்கலாம்.”

“சட்டமோ?”

“அதைவிடப் பெரிய சட்டம் என் மாமியார். தொண்ணூற்றிரண்டு வயது. முதலில் உடம்பைத் தேய்த்துக் கழுவு, பிறகு ஒரு நூலும் இல்லாமல் இறங்கு என்பார். மந்திரி ஒருவரின் மனைவி துவாயோடு இறங்கப் பார்த்தாள். எழுப்பி வெளியே அனுப்பிவிட்டார். நாற்பது வருடமாக நானும் அந்தச் சட்டத்தை மீறியதில்லை.”

நெஞ்சை நிமிர்த்திக்கொண்டுதான் சொன்னார். சரியான பெருமைக்காரி, என்று சிவனேஸ்வரி நினைத்துக்கொண்டார். தன்னைப் போல என்று சேர்த்து நினைக்கவில்லை.

உடை மாற்றும் அறையில் வேறு யாரும் இல்லை. சிவனேஸ்வரி சட்டைப் பொத்தானில் கை வைத்தபடி நின்றார்.

நொரிகோ தன் பையிலிருந்து இரண்டு துணிகளை எடுத்தார். கழுத்தில் கட்டி மார்பை மூடுகிற மாதிரித் தைத்த, மெல்லிய பழுப்புத் துணி.

“மார்பில் அறுவைச் சிகிச்சை செய்தவர்களுக்கு எங்கள் விடுதியில் இப்படி வைத்திருக்கிறோம். இதற்கு மட்டும் மாமியார் அனுமதி தந்திருக்கிறார். நேற்று மிசாகியின் மெசினில் தைத்தேன்.”

சிவனேஸ்வரி பொத்தானிலிருந்து கையை எடுத்தார். “சஞ்சீவ் சொன்னவனோ?”

“யாரும் சொல்லவில்லை. விமான நிலையத்திலிருந்து வரும்போது சீற் பெல்ற் இடது பக்கம் படாமல் கையால் பிடித்துக்கொண்டே வந்தீர்கள். விருந்தாளியைக் கவனிப்பதுதானே என் வேலை.”

ஒன்றை நீட்டிவிட்டு, மற்றதை எடுத்துக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பி நின்று தானும் கட்டிக்கொண்டார்.

அட, இவவுக்கும் இதே கதைதானா. சிவனேஸ்வரியின் நெஞ்சிலிருந்து ஒரு பாரம் இறங்கியது. கேட்கவில்லை. கேட்கிற விசயமா அது?

நாற்பத்தொரு டிகிரித் தண்ணீரில் இரண்டு பேரும் கழுத்துவரை அமிழ்ந்து அமர்ந்திருந்தார்கள். பிள்ளைகளைப் பற்றிப் பேசினார்கள், கந்தகத்தைப் பற்றியும் பேசினார்கள். வெள்ளைக்காரி ஒருத்தி திரும்பிப் பார்த்தாள். பார்த்தால் பார்க்கட்டும் என்று சிவனேஸ்வரி தோளை நிமிர்த்தினார். நான்கு வருடத்துக்குப் பிறகு அந்தத் தோள் இன்றைக்குத்தான் நிமிர்ந்தது.

“எங்களைப் போல ஆக்கள் ஒளிக்கத் தேவையில்லை, என்ன?” என்றார்.

நொரிகோ தலையை மட்டும் ஆட்டினார்.

திரும்பி வந்து துடைக்கும்போது நொரிகோவின் முடிச்சு அவிழ்ந்து துணி கீழே விழுந்தது. பார்க்கக் கூடாது என்றுதான் சிவனேஸ்வரி நினைத்தார், கண் கேட்கவில்லை.

நொரிகோவின் மார்பில் ஒரு கீறல்கூட இல்லை.

“அப்ப நீங்கள் ஏன் இதை…”

களவாய் இனிப்புத் தின்று பிடிபட்ட பிள்ளை மாதிரி நொரிகோ துணியை அள்ளிக்கொண்டார். காது இரண்டும் சிவந்துவிட்டன.

“சம்பந்தியைத் தனியாகவா அந்தத் துணியோடு உட்காரவைப்பது? நாற்பது வருடத்தில் இன்றைக்குத்தான் சட்டத்தை மீறியிருக்கிறேன். தயவுசெய்து, என் மாமியாரிடம் மட்டும் சொல்லிவிடாதீர்கள்.”