வேற டாக்டரப் பாரு

நாகர்கோவில் நூலகத்தில் டாக்டர் அருள்தாசன் எழுதிய புத்தகங்களோடு யாரும் பேசலாம். அவர் இறந்த பிறகும் அவை அவர் குரலிலேயே பதில் சொல்லும். அம்மை நோயின் வரலாற்றைக் கேட்டால் மணிக்கணக்கில் சொல்லும். தண்ணீரைக் கொதிக்க வைக்காமல் குடித்தவர்களைத் திட்டவும் செய்யும்.

அவர் மனைவி ரெஞ்சிதம் வாரந்தோறும் நொண்டிக்கொண்டே வருவாள். மருத்துவ அறத்தைப் பற்றி அவர் எழுதிய புத்தகத்தின் முன்னால் உட்கார்ந்து, "முட்டு வலிக்கி," என்பாள்.

"வீட்டு ஆளுக்கு நானே வைத்தியம் பாக்கக்கூடாது, ரெஞ்சி. வேற டாக்டரப் பாரு."

அவ்வளவுதான். அதற்குமேல் அந்தப் புத்தகம் வாய் திறக்காது.

நூலகர் சுபிதாவுக்குப் பொறுக்கவில்லை. "ஊருக்கெல்லாம் வாய் ஓயாம பேசுது, உங்ககிட்ட மட்டும் இப்பிடி விரட்டுது. நீங்க யாருன்னு அதுக்குத் தெரியாத மாதிரி மாத்தி வைக்கட்டாம்மா? நல்லா பேசும்."

ரெஞ்சிதம் பதறிப்போய்ப் புத்தகத்தை இரண்டு கைகளாலும் பொத்திக்கொண்டாள்.

"வேண்டாம் மக்ளே. என்னைய வீட்டு ஆளுன்னு சொல்லதுக்கு இப்போ இது மட்டுந்தான் இருக்கு."

சுபிதா நகர்ந்ததும் கைகளை எடுத்தாள்.

"இப்போ முதுகும் வலிக்கி," என்றாள்.