வராதேன்னு எப்படிச் சொல்றது?

கல்யாணத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது, "இந்த மாப்பிள்ளை வேணாம்ப்பா" என்று சொல்லிவிட்டாள் நந்தினி.

வேலையை விட்டுவிட வேண்டும் என்றானாம் அவன். லேபில் ரத்தம் எடுப்பதெல்லாம் ஒரு வேலையா என்றும் கேட்டானாம்.

"அதுக்காக? வாசலுக்கு வாழைமரம் வரைக்கும் சொல்லியாச்சேடி!" என்று தலையில் அடித்துக்கொண்டாள் அம்மா கமலாம்பாள்.

அப்பா காத்தமுத்து கடலுக்குப் போய் மீன்பிடிக்கிறவர். எந்த அலையிலும் படகைக் கரை சேர்த்துவிடுகிற மனிதர், பெண் அழுதால் மட்டும் திணறிப்போவார். மாப்பிள்ளை வீட்டுக்குப் போன் போட்டு, "சரிப்பட்டு வராதுங்க" என்று முடித்துவிட்டார்.

அதற்கப்புறம்தான் வந்தது சிக்கல். கிளிஞ்சல்மேடு முழுக்க வீடு வீடாகப் போய்த் தட்டு நீட்டி அழைத்தாயிற்றே!

"போன்ல சொல்லிடுங்களேன்" என்றாள் கமலாம்பாள்.

"நேர்ல கூப்பிட்டதை போன்ல நிறுத்துறதா? மரியாதையா இருக்குமா?"

"அப்ப நேர்லயே போங்க."

"போயி? வெத்தலபாக்கு வச்சுக் கூப்பிட ஒரு முறை இருக்கு. வராதேன்னு சொல்ல என்னடி முறை? தட்டு எடுத்துக்கிட்டுப் போறதா, வெறுங்கையோட போறதா?"

கையில் எடுத்த தட்டைத் திரும்ப உள்ளே வைத்தாள் கமலாம்பாள்.

மறுநாள் காலை, இருக்கிறதிலேயே நல்ல சட்டையாக மாட்டிக்கொண்டு வெறுங்கையோடு கிளம்பினார் காத்தமுத்து.  அவருக்குத் தெரிந்து விஷயம் இன்னும் வெளியே போகவில்லை. தன் வாயால்தான் தெரிய வேண்டும்.

'வேணாம்னு ஒரு வார்த்தை சொல்லிட்டா. வாசவாசலா ஏறி எறங்கப்போறது யாரு? அப்பனைப் பத்தி ஒரு நிமிஷம் நெனச்சாளா இவ?'

முதலில் சுவாமிநாதன் வீடு.

"மச்சான், நந்தினி கல்யாண விஷயமா..."

"அடடா, நானே சொல்லணும்னு இருந்தேன் மாப்ள. என்னால வர முடியாது. அன்னிக்கு எனக்கு முட்டி வலி."

"அன்னிக்கா? இன்னும் நாள் கெடக்கே மச்சான்?"

"அதுவரைக்கும் நல்லாத்தான் இருக்கும். அன்னிக்கு மட்டும் புடிச்சுக்கும்."

திறந்த வாயை மூடிக்கொண்டு இறங்கினார் காத்தமுத்து. வரமாட்டேன் என்கிற ஆளிடம் வராதே என்று எப்படிச் சொல்வது?

அடுத்தது வினோதா வீடு. அவர் செருப்பைக் கழற்றுவதற்குள் அவள் கையைப் பிசைந்தாள்.

"கோவிச்சுக்காதீங்க பெரியப்பா. அன்னிக்கு நாங்க திருநள்ளாறு போறோம்."

"திருநள்ளாறா? பஸ்ஸுல டிக்கெட் வாங்குறதுக்குள்ள வந்துடுற ஊரும்மா அது! கல்யாணத்துல சாப்பிட்டுட்டே போகலாமே?"

"நடந்து வர்றதா வேண்டுதல் பெரியப்பா."

"நடந்தாலும் காலையிலேயே..."

"மெதுவா நடக்குறதா வேண்டுதல்."

காத்தமுத்துவுக்குச் சுருக்கென்றது. இவர்கள் வீட்டுக் காதுகுத்து, வளைகாப்பு என்று ஒன்றையாவது அவர் விட்டிருப்பாரா? கடலுக்குப் போகாமல்கூட வந்து நின்றிருக்கிறாரே! அவர் வீட்டுக் கல்யாணம் என்றால் மட்டும் முட்டி வலிக்குமா?

கல்யாணசுந்தரி வீட்டு வாசலை மிதித்தபோது அவருக்கு முகமே சிவந்திருந்தது.

"வா தம்பி. கல்யாணத்துக்குத்தான் வர முடியாம போச்சு. அன்னிக்கு நம்ம ஆடு குட்டி போடுது."

"அன்னிக்குத்தான்னு ஆடு சொல்லுச்சா அத்தாச்சி?"

கல்யாணசுந்தரி ஆட்டைப் பார்த்தாள். ஆடு வேறு பக்கம் பார்த்தது.

"அதெல்லாம் எனக்குத் தெரியாது! ஆட்டையும் இழுத்துக்கிட்டு வந்து சேருங்க. நீங்க வராம என் பொண்ணு கழுத்துல தாலி ஏறாது, ஆமா!"

விருட்டென்று வெளியே வந்து பாதித் தெரு நடந்த பிறகுதான் உறைத்தது. கல்யாணத்தை நிறுத்தப் போனவர், இன்னொரு தடவை அழைத்துவிட்டு வந்திருக்கிறார்.

கடைசியில் அருள்மணி வீட்டுக்குப் போனார். ஒரே படகில் தொழிலுக்குப் போகிற கூட்டாளி. மனசில் உள்ளதை அவனிடமாவது கொட்டலாம்.

"அருள்மணி, ஊருல ஒருத்தனும்..."

"டேய், தப்பா நெனைக்காத. என்னால கல்யாணத்துக்கு வர முடியாது."

"நீயுமாடா?"

"அன்னிக்கு எனக்குக் கண்ணு ஆபரேஷன்டா."

உள்ளேயிருந்து அவன் மனைவி ராஜத்தின் குரல் வந்தது. "ஏங்க, கண்ணு எதிர்வீட்டுக்குங்க! நமக்குப் பல்லு!"

அருள்மணி கண்ணைக் கசக்குவதா, கன்னத்தைப் பிடிப்பதா என்று தெரியாமல் கையைப் பாதியில் நிறுத்தினான்.

காத்தமுத்து வெடித்தார். "கண்ணு, பல்லு, முட்டி, ஆடு... யாரு பிரிச்சுக் குடுத்தது தங்கச்சி? என் பொண்ணு கல்யாணம் ஊருக்கு அவ்வளவு எளக்காரமா போச்சா?"

ராஜம் ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"உங்க பொண்ணுதாண்ணே பிரிச்சுக் குடுத்தா. நேத்து சாயங்காலம் வீடு வீடா ஏறி, கல்யாணம் நின்னுபோச்சுன்னு அவளே சொல்லிட்டா. 'நாளைக்கு அப்பா வருவாரு. அவரு வாயெடுக்குறதுக்குள்ள, வர முடியலைன்னு நீங்க முந்திக்கிங்க. எங்கப்பா வாயால மட்டும் அதைச் சொல்ல வச்சிடாதீங்க'ன்னு கையைப் புடிச்சுக்கிட்டாண்ணே."