கை கழுவிய இடம்

பொட்டல் காட்டில் ஒரு குழி இருந்தது. பக்கத்தில், ‘இங்கே காடு வளர்கிறது’ என்ற பலகையைத் தாங்கிக்கொண்டு ஒரு கிளுவைக் கம்பு நின்றது.

வருடாவருடம் ஆட்கள் வந்து அதே குழியில் ஒரு கன்றை நட்டுப் படம் எடுப்பார்கள். கம்பின் அடியில் கை கழுவிவிட்டுப் போவார்கள். கன்று கருகிவிடும்.

“ஏழு கன்னை முழுங்கிட்டேன். வெட்கமா இருக்கு தம்பி,” என்றது குழி.

“அண்ணே, அவங்க கை கழுவின தண்ணியில எனக்கு வேர் விட்டுடுச்சு,” என்றது கம்பு.

அடுத்த வருடம் கம்பு தழைத்து நின்றது. வந்தவர்கள், “பலகையில எழுத்து தெரியலையே!” என்று கிளைகளை வெட்டி, எட்டாவது கன்றைச் சுற்றி வேலியாக ஊன்றினார்கள்.

குழி கெஞ்சியது: “எல்லார் கையிலயும் மண்ணு ஒட்டியிருக்கு தம்பி. இந்த வருசம் என் பக்கமா வந்து கழுவச் சொல்லேன்!”