மேற்குச் சன்னல்

அச்சகத்தில் மதியச் சாப்பாடு முடிந்துவிட்டது, மெஷின்கள் இன்னும் ஓடத் தொடங்கவில்லை. பட்டாசு லேபிள்களுக்கு நிறம் பிரிக்கும் முத்துச்செல்வியின் காதில், உடன் வேலை பார்க்கும் சாபிர் தன் பெரிய ஹெட்போனை மாட்டிவிடுகிறான். "இது சுருக்குன பாட்டு இல்லக்கா, லாஸ்லெஸ். ஸ்டுடியோவுல பதிஞ்சது அப்படியே இருக்கும்." போனில் இத்தனை நாள் ஒரே இரைச்சலாகக் கேட்ட ராக் ஆல்பம்தான். இப்போது இடது காதோரம் ஒரு கிதார் உறுமுகிறது, வலப்பக்கம் இன்னொன்று மினுங்குகிறது, இரண்டுக்கும் அடியில் மூன்றாவது ஒன்று மெல்ல நடக்கிறது. அவள் தினமும் திரையில் நீலம், சிவப்பு, மஞ்சள், கறுப்பு என்று லேபிளைப் பிரிப்பதுபோலவே பாட்டு பிரிந்து நிற்கிறது. "ஏலே சாபிரு, இம்புட்டும் இதுக்குள்ளயா கெடந்துச்சு!" ஹெட்போன் மாட்டியவளின் கத்தலில் அறையே திரும்பிப் பார்க்கிறது. வளையல்கள் மேசையில் தாளமிடுகின்றன. அப்போது வெகு தொலைவில் தொம்மென்று ஒரு சத்தம். ஹெட்போனைப் பிடுங்கிப் போட்டுவிட்டு மேற்குச் சன்னலுக்கு ஓடுகிறாள். தங்கை வெள்ளைத்தாய் வேலை செய்யும் பட்டாசுக் கம்பெனி அந்தப் பக்கம்தான், வெம்பக்கோட்டையில். வானத்தில் புகை இல்லை, வெயில் மட்டும் பளீரென்று கிடக்கிறது. "யக்கா, அது பாட்டுல வர்ற டிரம்மு! போன்ல கேட்டா தெரியாது," சாபிர் விழுந்து விழுந்து சிரிக்கிறான். நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அவளும் சிரிக்கிறாள். "முதல்லருந்து போடுலே. ஸ்பீக்கர்ல போடு, எல்லாரும் கேக்கட்டும்!" ஆயுத பூஜைக்கு வாங்கிய பெரிய ஸ்பீக்கரில் கிதார்கள் ஒவ்வொன்றாக எழுந்து வருகின்றன. பேப்பர் அடுக்குகிறவர்கள்கூட தலையாட்டுகிறார்கள். பாட்டில் அந்த டிரம் இடம் வருகிறது. தொம். அச்சகத்தின் அத்தனை தலைகளும் மேற்குச் சன்னலுக்குத் திரும்புகின்றன, சாபிரின் தலையும்.