கோர்ட் கலையும்வரை

நீதிமன்றம் உத்தரவிட்ட பிறகும் சாதிச் சான்றிதழ் கொடுக்காமல் இழுத்தடித்ததற்காக, கோர்ட் கலையும்வரை அங்கேயே இருக்க வேண்டும் என்று கோட்டாட்சியருக்குத் தண்டனை விதித்தார் நீதிபதி. சான்றிதழை அன்று காலையில்தான் செவ்வந்தியின் கையில் கொடுத்திருந்தார்கள்.

அதிகாரி கடைசி பெஞ்சில் சுவரோரமாக உட்கார்ந்தார்.

"கெளம்பலாம் புள்ள, பஸ்ஸு போயிரும்" என்றார் அப்பா எல்லப்பன்.

"இருப்பா. கொஞ்சம் பாத்துட்டு வரேன்."

அந்த மனிதர் கூனிக்குறுகுவதைக் கண்குளிரப் பார்க்க வேண்டும் என்று எத்தனையோ முறை நினைத்திருக்கிறாள். அவர் குறுகவில்லை. மற்ற வழக்குகளைக் கேட்டபடி இருந்தார், கண்ணாடியைத் துடைத்துக்கொண்டார். மத்தியானம் சாப்பாட்டோடு எட்டிப் பார்த்த டிரைவரை வேண்டாமென்று தலையாட்டி அனுப்பினார். செவ்வந்திக்குக் கோபம்கூடச் சரியாக வரவில்லை.

மாலையில் நீதிபதி எழுந்து போனார். வக்கீல்கள் கலைந்தார்கள். அதிகாரி அவளைக் கடந்து போகும்போது நின்றார்.

"எந்தக் காலேஜ்ல சேந்திருக்கேம்மா?"

கேலி பேசுகிறாரோ என்று நிமிர்ந்து பார்த்தாள். இல்லை, அவருக்கு உண்மையாகவே தெரியாது.

"நர்சிங் சீட்டு கெடச்சுது சார். சர்டிபிகேட் இல்லைன்னு அதை வேற ஒருத்தருக்குக் கொடுத்துட்டாங்க."

அவர் அருகிலிருந்த பெஞ்சில் மெல்ல உட்கார்ந்தார்.

ஃபேன்களை நிறுத்த வந்த ஊழியர், "கோர்ட் முடிஞ்சிருச்சு சார். நீங்க போகலாம்" என்றார்.

அவர் எழுந்திருக்கவில்லை.